கணப்போரத்துக் கதைகள்

திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணத்தை 1856இல் வெளியிட்ட கால்டுவெல் பெருமகனார் இடையன்குடியில் வாழ்ந்து தொண்டாற்றியவர் என்பதை நம் தமிழ்த்துறை மாணவர் யாவரும் அறிவர். ஸ்காட்லாந்துப் பெற்றோருக்கு மகனாக 1814இல் அவர் பிறந்த மண் அயர்லாந்து என்பதை நினைவிற் கொள்வோர் சிலரே. டப்ளின் நகரத்தவரான விட்லி ஸ்டோக்ஸ் 1862இல் வழக்கறிஞராகச் சென்னைக்கு வந்தார். இந்திய அரசின் சட்டப்பணியில் உயர்ந்து, ஓய்வு நேரத்திலெல்லாம் பழைய ஐரிஷ் ஏடுகளைப் பதிப்பித்தார். அவற்றுள் ஒன்று 1877இல் கல்கத்தாவிலேயே அச்சேறியது. ஐரிஷ் மொழியின் பழஞ்செல்வம் ஒன்று வங்கத்து அச்சகத்தில் உருப்பெற்றது என்பதை எண்ணுந்தோறும் நமக்கு வியப்பு அடங்குவதில்லை.

ஆயினும், இம்மலரில் அயர்லாந்துக் கதைகளைப் பற்றி எழுத முற்பட்டதற்கு இவ்வுறவுகள் மட்டும் காரணமல்ல. ஆங்கில வகுப்பில் யேட்ஸின் கவிதைகளைப் பயின்ற முதுகலை மாணவர் சிலர், அக்கவிதைகளில் வரும் தேவதைகளையும் வீரர்களையும் பற்றி அறிய எந்நூலை முதலில் எடுப்பது என்று நம்மிடம் வினவினர். நாட்டுப்புறவியலைச் சிறப்புப் பாடமாகக் கொண்ட ஆய்வு மாணவரும் அவ்வாறே கேட்டனர். வாய்மொழியாகப் பலமுறை சொன்னதை எழுத்தில் தருவது நலம் என்று தோன்றிற்று.

முதற்கண் ஓர் எச்சரிக்கை. பச்சை அட்டையும், பொற்காசுப் பானையின்மேல் அமர்ந்து சிரிக்கும் குள்ள உருவமும் கொண்டு விற்பனைக்கு வரும் நூல்கள் எண்ணற்றவை. சுற்றுலாப் பயணிக்கென்று சமைக்கப்பட்டவை அவை. யார் சொன்ன கதை, எவ்வூரில் சொன்னது, எந்த ஆண்டில் எழுதிக்கொண்டது என்ற மூன்று வினாக்களுக்கும் விடை தராத தொகுப்பை நாம் கையில் எடுப்பதில்லை. மாணவரும் அவ்வாறே ஒதுக்குவது நன்று.

அம்மூன்றுக்கும் விடை தரும் நூல்களுள் முதலில் நாம் பரிந்துரைப்பது ஷான் ஓ சூலிவான் தொகுத்த 'ஃபோக்டேல்ஸ் ஆஃப் அயர்லாந்து'. 1966இல் சிகாகோ பல்கலைக்கழகம் வெளியிட்ட இத்தொகுப்பை ஒரு பழைய புத்தகக் கடையில் கண்டெடுத்தோம். முதுகு கிழிந்திருந்தது, உள்ளே ஓர் ஏடும் குறையவில்லை. அந்நூலில் கதையே அறியாத மனிதன் ஒருவனைப் பற்றிய கதை உண்டு. ப்ரையன் என்பவன் கூடை முடைந்து பிழைப்பவன். பிரம்பு கிடைக்காமற்போன காலத்தில், தேவதைகள் உலவுவதாக ஊரார் அஞ்சும் பள்ளத்தாக்கில் சென்று வெட்டுகிறான். மூடுபனி சூழ்கிறது. ஒளி தெரிந்த வீட்டில் கிழவரும் கிழவியும் வரவேற்று அமர்த்தி, ஒரு கதை சொல் என்கின்றனர். வாழ்நாளில் ஒரு கதையும் சொன்னதில்லை என்கிறான். அப்படியானால் கிணற்றில் ஒரு வாளி நீராவது மொண்டு வா என்று அனுப்புகின்றனர். கிணற்றடியில் பெருங்காற்று ஒன்று அவனைத் தூக்கிச் சென்று இழவு வீடொன்றில் சேர்க்கிறது. அங்கே அவனைப் பிடில் வாசிக்கச் சொல்கின்றனர். அறியேன் என்கிறான், ஆனால் வாசிக்கிறான். பின்னர்ப் பாதிரியாராக நின்று வழிபாடு நடத்தச் சொல்கின்றனர், அதையும் செய்கிறான். பிணத்தைச் சுமப்போரில் ஒருவன் மிக நெடியவன், மருத்துவனாகி அவன் காலைக் குறைத்து மற்றவரோடு ஒப்பாக்கு என்கின்றனர், அதுவும் நடக்கிறது. மீண்டும் காற்று அவனைக் கிணற்றடியில் விடுகிறது. வீட்டினுள் நுழைந்தவனிடம், இனி எவர் கேட்டாலும் சொல்வதற்கு உன்னிடம் ஒரு கதை உண்டு என்கிறார் கிழவர்.

இக்கதையை வகுப்பில் சொன்னபோதெல்லாம் நெடியவனின் காலைக் குறைக்கும் இடத்தில் மாணவர் சிரித்தனர், இறுதியில் அமைதியாயினர். விருந்தாளியாக வந்தவன் கதை சொல்லாதிருப்பது எத்துணைப் பெருங்குறை என்று கருதிய சமுதாயத்தில் பிறந்த கதை இது. விளக்கவுரை எழுதி இதனை வீணாக்க வேண்டுவதில்லை.

இத்தொகுப்பின் பின்னணியில் ஒரு பெரும்பணி உண்டு. 1845 முதல் 1849 வரை அயர்லாந்தில் உருளைக்கிழங்குப் பயிர் நோயுற்றழிந்து கொடும்பஞ்சம் வந்தது. ஏறத்தாழப் பத்து இலட்சம் மக்கள் மாண்டனர். அதனினும் மிகுதியானோர் கடல் கடந்தனர். மாண்டோரிலும் கப்பலேறினோரிலும் ஐரிஷ் மொழி பேசிய மேற்குப் பகுதியின் ஏழை மக்களே மிகப் பலர். பள்ளியில் ஐரிஷ் பேசிய பிள்ளையின் கழுத்தில் தொங்கும் குச்சியில் ஒவ்வொரு சொல்லுக்கும் ஒரு கீறல் இட்டு, மாலையில் கீறலை எண்ணி அடித்த காலமும் அந்நூற்றாண்டே. மொழி சுருங்கச் சுருங்க அதனுள் இருந்த கதைகளும் சுருங்கின. எஞ்சியதைக் காக்க 1935இல் அரசு ஆதரவுடன் ஐரிஷ் நாட்டுப்புறவியல் ஆணையம் அமைக்கப்பட்டது. ஜேம்ஸ் டெலார்கி அதன் இயக்குநர். ஓ சூலிவான் அதன் ஆவணக் காப்பாளர். ஊதியம் பெற்ற தொகுப்பாளர்கள் எடிஃபோன் என்னும் கனத்த ஒலிப்பதிவுக் கருவியைச் சுமந்து மலையும் சதுப்புமாகிய சிற்றூர்களுக்குச் சென்றனர்.

அக்கருவி மெழுகு உருளையில் குரலைப் பதிவு செய்யும். தொகுப்பாளர் இரவில் பதிவு செய்து, பின்னர் உருளையைத் திரும்பத் திரும்பச் சுழலவிட்டு, ஒரு சொல்லும் மாறாமல் ஏட்டில் எழுதுவார். ஆணையத்திடம் பணம் இல்லை. புதிய உருளைகள் வாங்க வழியில்லை. ஆதலால் எழுதி முடித்த உருளையின் மெழுகைச் சீவி வழவழப்பாக்கி அடுத்த கதைக்குப் பயன்படுத்தினர். சொற்கள் நின்றன, குரல்கள் சீவப்பட்டன. இச்செய்தியைப் படித்த நாளில் நூலை மூடி வைத்துவிட்டு நெடுநேரம் அமர்ந்திருந்தோம்.

காரணம் உண்டு. எம் பெத்தும்மா கதை சொல்வதில் ஊரறிந்தவர். மஃரிபுக்குப் பின்னரே வாய் திறப்பார். பகலில் கேட்டால், "பகலில் கதை சொன்னால் வழிப்போக்கன் வழி தப்பிப்போவான், போ வாப்பா" என்று துரத்துவார். ஏழு கடலுக்கு அப்பால் சென்ற மரைக்காயர் மகனின் கதை அவர் சொன்னவற்றுள் மிக நீண்டது. மூன்று இரவு நடக்கும். அவர் மறைந்து அரை நூற்றாண்டு கடந்துவிட்டது. அக்கதையில் கப்பல் கரையை விட்டு நீங்கும் இடம் வரை நமக்கு நினைவிருக்கிறது. அதன்பின் என்ன நடந்தது என்பது குடும்பத்தில் ஒருவருக்கும் தெரியாது. அயர்லாந்திலும் வீரக்கதைகளைப் பகலில் சொல்லலாகாது என்ற விலக்கு இருந்தது. கதைக்குரிய காலம் குளிர்கால இரவு. கரிமண் கட்டி எரியும் கணப்பைச் சுற்றியே அவை நடந்தன. நெடுங்கதை சொல்வோரை 'ஷ்கேலீ' என்றும், ஊர்ச்செய்தியும் குலமரபும் சொல்வோரை 'ஷனகீ' என்றும் பிரித்துரைத்தனர். நெடுங்கதைகளில் கப்பல் ஏறும் இடம், போர்க்கோலம் பூணும் இடம் ஆகியவற்றுக்கென்று மனப்பாடமாக ஓடும் வாய்பாட்டுத் தொடர்கள் உண்டு. கதைசொல்லி மூச்சு விடாமல் அதைக் கடப்பதே அவர் திறனுக்குச் சான்று. பெத்தும்மா கப்பலேற்றும்போது குரலை மாற்றி வேகமாக ஒரு வரிசை சொல்வார். அதன் பொருள் அக்காலத்தில் நமக்கு விளங்கியதில்லை.

இத்தகைய கதைசொல்லிகளை நேரில் கண்டாற்போல் உணர விரும்புவோர் டெலார்கி 1945இல் நிகழ்த்திய 'த கேலிக் ஸ்டோரிடெல்லர்' என்னும் சொற்பொழிவைப் படிக்க வேண்டும். சிறிய நூல்தான், ஒரு மாலைப்பொழுதில் முடிந்துவிடும். கெரி மாவட்டத்துக் கடலோரத்தில் வாழ்ந்த ஷான் ஓ கோனல் என்னும் உழவரை டெலார்கி 1923இல் முதன்முதலாகச் சந்தித்தார். அப்போதே ஓ கோனலுக்கு வயது எழுபது. கேட்பார் குறைந்துபோன அக்காலத்தில் கதைகள் மறந்துவிடுமே என்று அஞ்சி, சந்தையிலிருந்து வண்டிக்குப் பின்னே மேட்டில் ஏறி வரும்போது, ஒருவரும் இல்லாத இடம் பார்த்து, கை கால் அசைவுகளுடன் உரக்கச் சொல்லிக்கொண்டே வருவாராம். 1931இல் அவர் மறைந்தார். அவருடைய கதைகளை டெலார்கி 1948இல் நூலாக்கினார். மோய்ரா மக்நீல் ஆங்கிலத்தில் ஆக்க, 1981இல் 'ஷான் ஓ கோனல்ஸ் புக்' வெளிவந்தது. ஒரே மனிதரின் நினைவில் எத்துணைக் கதைகள் தங்கும் என்று அறிய விரும்பும் ஆய்வு மாணவருக்கு இதனினும் சிறந்த நூலை நாம் காணவில்லை.

அவரையும் விஞ்சியவர் கோனமாரா பகுதியைச் சேர்ந்த ஏமன் அ பூர்க். இளமையில் அமெரிக்காவில் இரயில் விபத்தொன்றில் ஒரு காலை இழந்து, ஊர் திரும்பித் தையற்காரராக வாழ்ந்தவர். 1938இல் அவர் சொன்ன 'ஓகர், அயர்லாந்து மன்னன் மகன்' என்னும் கதை முப்பதாயிரம் சொற்களுக்கும் மேற்பட்டது. அயர்லாந்தில் பதிவான நாட்டுப்புறக் கதைகளுள் மிக நீண்டது அதுவே என்பர். 1982இல் அது ஐரிஷ் மூலமும் ஆங்கில ஆக்கமுமாகத் தனி நூலாயிற்று. தொடக்கத்திலேயே இதனை எடுக்கும் மாணவர் களைத்துப்போவர். பத்துச் சிறுகதைகளைப் படித்துப் பழகியபின் எடுப்பது நன்று.

பத்தொன்பதாம் நூற்றாண்டுத் தொகுப்புகளைப் பற்றி விரைந்து சொல்லலாம். தாமஸ் க்ராஃப்டன் க்ரோக்கர் 1825இல் வெளியிட்ட தொகுப்பை மறு ஆண்டே கிரிம் சகோதரர்கள் ஜெர்மானிய மொழியில் பெயர்த்தனர் என்னும் பெருமை உண்டு. எனினும் அதில் குடியானவரை நகைப்புக்குரியவராக்கும் தொனி மிகுதி. ஆஸ்கார் ஒயில்டின் தாயார் 1887இல் வெளியிட்ட தொகுப்பில் யார் சொன்னார் என்ற குறிப்பே இல்லை. யேட்ஸ் 1888இல் தொகுத்த 'ஃபேரி அண்ட் ஃபோக் டேல்ஸ்' பெரும்பாலும் பிறர் அச்சிட்டவற்றிலிருந்து பொறுக்கியது. யேட்ஸ் என்னும் கவிஞரை அறிய உதவுமேயன்றிக் குடியானவரை அறிய உதவாது. அமெரிக்கரான ஜெரமையா கர்ட்டின் மொழிபெயர்ப்பாளர் துணையுடன் திரட்டி 1890இல் வெளியிட்ட தொகுப்பு நம்பத்தக்கது. நடை மட்டும் வறண்டது. அதே ஆண்டில் வெளிவந்த டக்ளஸ் ஹைடின் 'பிசைட் த ஃபயர்' இவை அனைத்தினும் மேலானது. ஐரிஷ் மூலத்தையும் ஆங்கிலத்தையும் எதிரெதிர்ப் பக்கங்களில் அச்சிட்டு, முன்னோர் செய்யத் தவறியது இன்னது என்று முன்னுரையில் ஒளிவின்றிக் கூறினார். அவரே 1938இல் அயர்லாந்தின் முதற் குடியரசுத் தலைவரானார். கதை தொகுத்தவரைத் தலைவராக்கிய நாடு என்று சொல்லிக்கொள்வதில் நமக்கு ஒரு மகிழ்ச்சி.

ஏட்டிலக்கியத்தை நாடுவோர்க்கு 'டாய்ன்' இன்றியமையாதது. கூலி நாட்டு ஆநிரை கவர்ந்த வரலாறு அது. வெட்சியும் கரந்தையும் பயின்ற தமிழ் மாணவருக்குக் களம் புதிதன்று. உல்ஸ்டர் நாட்டு வீரரெல்லாம் சாபத்தால் வலிகண்டு கிடக்க, இளைஞன் கூகுலன் தனியொருவனாய் ஆற்றுத்துறையில் நின்று படையைத் தடுக்கிறான். உடன் பயின்ற தோழன் ஃபெர்டியாவையே எதிர்க்க நேர்கிறது. பகலெல்லாம் பொருது, இரவில் ஒருவனுக்கொருவன் மருந்தும் உணவும் அனுப்பிக்கொள்கின்றனர். நான்காம் நாள் ஃபெர்டியா வீழ்கிறான். கிரெகரி அம்மையார் 1902இல் எழுதிய நூலில் இக்கதை கால்வே மாவட்டத்துக் குடியானவரின் ஆங்கில நடையில் இனிமையாக ஓடும்; ஆயினும் கரடுமுரடான பகுதிகளை அம்மையார் நீக்கிவிட்டார். தாமஸ் கின்செல்லா 1969இல் வெளியிட்ட மொழிபெயர்ப்பு அவற்றை மறைக்காதது. லூயி லெ ப்ரோக்கியின் கருமைத் தூரிகை ஓவியங்கள் அதற்கு அணி. இவ்விரண்டில் ஒன்றே வாங்க இயலும் எனின் கின்செல்லாவை வாங்குக.

அந்நூலின் தொடக்கத்தில் வரும் செய்தி ஒன்று நம்மை விட்டு அகலாதது. ஒரு காலத்தில் 'டாய்ன்' கதையை முழுமையாக அறிந்த புலவர் நாட்டில் எவரும் இலராயினர். தேடிப் புறப்பட்ட இளம்புலவன் ஒருவன் பண்டைய வீரன் ஃபெர்கஸின் நடுகல்லின் முன் அமர்ந்து பாட, மூடுபனி எழுந்து, ஃபெர்கஸ் தோன்றி மூன்று பகலும் மூன்று இரவும் கதை முழுவதையும் உரைத்தானாம்.

ஊர்ப் பெரியவர் ஒருவர் நம்மிடம், தேவதைகளையும் பழந்தெய்வங்களையும் பற்றிய பொய்க்கதைகளைப் பிள்ளைகள் ஏன் படிக்க வேண்டும் என்று வினவினார். நியாயமான வினா. பன்னிரண்டாம் நூற்றாண்டில் 'லென்ஸ்டர் ஏடு' எழுதிய கிறித்தவ எழுத்தரும் இதே வினாவை எதிர்கொண்டார். 'டாய்ன்' கதையை எழுதி முடித்தபின், இதனை மாற்றாமல் மனத்திற் கொள்வோர்க்கு ஐரிஷ் மொழியில் வாழ்த்துரைத்தார். அதற்கடுத்து இலத்தீன் மொழியில், எழுதிய தாம் இதில் உள்ள பலவற்றை நம்பவில்லை என்றும் குறித்துவைத்தார். நம்பாததையும் பிழையின்றிக் காத்துக் கொடுத்த அக்கையை நாம் பெரியவரிடம் எடுத்துரைத்தோம். அவர் மறுமொழி கூறவில்லை; நூலை இரவல் வாங்கிச் சென்றார்.

நம்பிக்கை வெறும் அழகுப் பொருளன்று என்பதையும் மாணவர் அறிதல் வேண்டும். மனிதரைத் தேவதைகள் கவர்ந்து சென்று, அவர் உருவில் வேறொன்றை விட்டுச் செல்லும் என்பது அந்நாட்டுப் பழங்கருத்து. 1895இல் டிப்பரேரி மாவட்டத்தில் பிரிஜெட் க்ளியரி என்னும் இளம்பெண் நோயுற்றாள். இவள் தன் மனைவியல்லள், மாற்றுரு என்று சொல்லி அவள் கணவன் உறவினர் முன்னிலையில் அவளை எரித்தான். 1999இல் ஏஞ்சலா பர்க் எழுதிய 'த பர்னிங் ஆஃப் பிரிஜெட் க்ளியரி' இந்நிகழ்ச்சியை நீதிமன்ற ஏடுகளிலிருந்தும் செய்தித்தாள்களிலிருந்தும் ஆராய்கிறது. தையல் தொழிலால் தானே பொருள் ஈட்டிய, பிள்ளைப்பேறற்ற பெண் ஒருத்தியின்மீது ஊராருக்கு இருந்த மனக்குறைக்குக் கதை எவ்வாறு ஒரு மொழியாக அமைந்தது என்பதை ஆசிரியர் காட்டுவதைப் படிக்கும்போது உறக்கம் கெடும். நாட்டுப்புறவியல் மாணவர் எவரும் இந்நூலைப் படிக்காமல் பட்டம் பெறலாகாது என்பது எம் கருத்து.

அதே நம்பிக்கையின் மறுபக்கத்தை எடி லெனிஹன் 2003இல் வெளியிட்ட 'மீட்டிங் த அதர் க்ரவுட்' காட்டும். கிளேர் மாவட்டத்தில் லாட்டூன் என்னுமிடத்து முள்மரம் ஒன்று தேவதைகள் கூடுமிடம் என்று முதியோர் சொல்லியிருந்தனர். 1999இல் புதிய நெடுஞ்சாலைக்காக அது வெட்டப்பட இருந்தபோது, லெனிஹன் செய்தித்தாளுக்கு எழுதிப் பெரும் பரபரப்பை உண்டாக்கினார். சாலை மரத்தை விட்டு விலகிச் சென்றது. அமெரிக்கரான ஹென்றி க்ளாஸி 1985இல் தொகுத்த 'ஐரிஷ் ஃபோக்டேல்ஸ்' நல்ல பொதுத்தொகுப்பு, ஏ.கே. இராமானுஜன் 1991இல் வெளியிட்ட இந்திய நாட்டுப்புறக் கதைகள் அதே நூல்வரிசையைச் சார்ந்தவை. இரண்டையும் அருகருகே வைத்துப் படிப்பது சுவை மிக்கது.

பெக் சேயர்ஸ் அம்மையாரைக் கூறாமல் முடித்தல் முறையன்று. 1873இல் பிறந்து, கிரேட் பிளாஸ்கெட் தீவில் வாழ்க்கைப்பட்டவர். பள்ளியில் ஆங்கிலமே கற்பிக்கப்பட்டதால், தம் தாய்மொழியாகிய ஐரிஷில் எழுத அறியாதவர். அவர் சொல்லச்சொல்ல மகன் எழுதிய தன்வரலாறு 1936இல் வெளிவந்தது. பின்னர் அது பள்ளிகளில் நெடுங்காலம் பாடமாக்கப்பட்டு, மாணவர் பலரின் வெறுப்புக்கு ஆளாயிற்று. பாடமாக்கப்பட்ட நூலுக்கு எந்நாட்டிலும் இக்கதிதான் போலும்! தன்வரலாற்றைவிட அவர் சொன்ன கதைகளே சிறந்தவை. ஆணையத்தின் தொகுப்பாளர் அவரிடமிருந்து எழுதிக்கொண்டவை ஏறத்தாழ 350. 2009இல் வெளிவந்த 'ஐ வில் ஸ்பீக் டு யூ ஆல்' என்னும் நூலுடன் ஒலித்தட்டுகளும் உண்டு. வானொலியார் பதிவு செய்தமையால் அவர் குரல் மெழுகோடு போகாமல் தப்பியது. ஐரிஷ் ஒரு சொல்லும் அறியாதவரும் அதனைக் கேட்கலாம். அத்தீவின் கடைசிக் குடிகள் 1953இல் வெளியேறினர். இன்று அங்கே கூரையற்ற சுவர்கள் நிற்கின்றன.

நூல் வாங்கும் வசதியற்ற மாணவருக்கும் வழி உண்டு. 1937 முதல் 1939 வரை அயர்லாந்தின் ஏறத்தாழ 5,000 தொடக்கப்பள்ளிகளின் பிள்ளைகள், வீட்டு முதியோரைக் கேட்டு எழுதிய கதைகளும் வழக்குகளும் 7,40,000 பக்கங்கள் அளவில் டப்ளின் பல்கலைக்கழகக் கல்லூரியில் உள்ளன. ஆணையத்தின் தொகுப்பு 2017இல் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் இடம்பெற்றது. பள்ளிப் பிள்ளைகள் எழுதிய ஏடுகளை டூகஸ் என்னும் இணையதளத்தில் கட்டணமின்றிக் காணலாம். நம் கல்லூரிக் கணினிக் கூடத்திலேயே திறக்கும். அச்செழுத்தைத் தேடாமல், பிள்ளையின் கையெழுத்துப் பக்கத்தையே திறந்து பார்க்குமாறு மாணவரைக் கேட்டுக்கொள்கிறோம். மைக்கறையும் அடித்தல் திருத்தலும் அப்படியே இருக்கும். கதையின் அடியில், எழுதிய சிறுமியின் பெயர்; அதன் கீழே, சொன்னவர் இன்னார், என் பாட்டி, வயது எழுபத்தொன்பது என்பது போன்ற ஒரு வரி.